குறுக்கு விசாரணை ஏதுமில்லை

உக்காருங்கம்மா. அதுல வேண்டாம், கால் ஆடும். இதுல உக்காருங்க. மெமோ கொண்டாந்திருக்கீங்களா? மேசையில வைங்க, பொறவு பாக்கேன். உங்க வீட்டுக்காரரு வரலியா? டூட்டியா? சரி. சஸ்பெண்டு பண்ணாம டூட்டி குடுத்திருக்காங்கன்னா நல்லதுதான்.

முதல்ல ஒண்ணு தெளிவாச் சொல்லிடுதேன். ஆயுதப்படை கேன்டீன்ல என்னைய வக்கீலய்யான்னு சொல்லி அனுப்பியிருப்பாங்க. நான் வக்கீலில்ல. எபநேசர், ரிட்டயர்டு எஸ்.எஸ்.ஐ. முப்பத்திமூணு வருசம் காக்கிச்சட்ட போட்டவன், அவ்வளவுதான். போலீஸ்காரன் மேல துறை விசாரணை வச்சா வக்கீல உள்ள விடமாட்டாங்க. ஊர்ல திருடனுக்கு வக்கீல் உண்டு, கொலகாரனுக்கு வக்கீல் உண்டு, போலீஸ்காரனுக்குக் கிடையாது. எழுதிக் கேட்டா, ரிட்டயர் ஆன போலீஸ்காரன் ஒருத்தன் துணைக்கு உக்காரலாம். அந்த ஒருத்தன்தான் நான். நாப்பத்தியோரு பேருக்கு உக்காந்திருக்கேன். நாப்பது பேரு இன்னைக்கும் சம்பளமோ பென்சனோ வாங்குதாங்க.

அந்த ஒரு ஆளப் பத்திச் சொல்லிடுதேன். வேற யாராவது சொல்லி நீங்க கேக்கதுக்கு நானே சொல்லிடுதது நல்லது. கேட்டுட்டு முடிவு பண்ணிக்கிடுங்க.

பேச்சித்தாய்னு ஒரு புள்ள. ஆயுதப்படையில கான்ஸ்டபிளு. அவ அப்பன் சுடலை போலீஸ் வண்டி டிரைவர், டூட்டியில வண்டி கவுந்து செத்தான். கருணை அடிப்படையில பத்தொம்பது வயசுல இவளுக்கு வேலை கெடச்சிச்சு. அப்ப நான் ஆயுதப்படையில ரைட்டர். சேர்ந்த அன்னைக்கு அவளுக்கு பெல்ட்டு பெருசா இருக்கு, புது ஓட்டை போடணும்னு என்கிட்டதான் வந்து நின்னா. ஆணிய வச்சி நாந்தான் போட்டுக் குடுத்தேன். பன்னெண்டு வருசம் ஒரு கெட்ட பேரு கிடையாது.

ஒருநாள் சிறையில இருந்த ஒரு பொம்பளக் கைதிய பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போகணும். திருட்டு கேசு. வழிக்காவலுக்கு நாலு பேரு. ஏட்டையா வண்டிமலையான், இன்னொரு ஆம்பள போலீசு, பேச்சித்தாய், இந்திராணின்னு இன்னொரு பொம்பள போலீசு. டூட்டி ரிஜிஸ்டர்ல நாலு பேரு பெயரும் இருக்கு. ஆனா போனது ரெண்டு பேருதான். அன்னைக்கு இன்ஸ்பெக்டர் வீட்ல பொண்ணுக்குச் சடங்கு. மத்த ரெண்டு பேரையும் அங்க வேலைக்கு அனுப்பிட்டாரு. இதெல்லாம் நடக்கதுதாம்மா. நான் இருக்கும்போதும் நடந்துச்சு. உங்க வீட்டுக்காரரும் எத்தனை வீட்ல பந்தி பரிமாறியிருக்காரோ, கேட்டுப் பாருங்க.

காலையில பத்தரை, பதினோரு மணி. வண்டிமலையான் சீட்டு போடக் கீழ போயிட்டாரு. மேல பேச்சித்தாயும் கைதியும் மட்டும். அந்தப் பொம்பள, மூணு வயசுப் பிள்ளைய அக்கா வீட்ல விட்டுட்டு வந்தேன், காய்ச்சலா கிடக்குன்னு சொன்னாங்க, ஒரே ஒரு வார்த்த பேசிக்கிடுதேன்னு அழுதிருக்கா. இவ தன் போனக் குடுத்துட்டா.

குடுக்கலாமா? குடுக்கப்படாது. அத நான் அவகிட்டயே கேட்டேன். "போலீஸ்காரிக்கு மூள வேண்டாமா புள்ள?"ன்னு கேட்டேன். அவ சொன்னா, "ஐயா, பிள்ள பேசுனது எனக்கே கேட்டுச்சு. 'எப்பம்மா வருவே'ன்னு கேட்டுச்சு. ரெண்டு நிமிசந்தான்யா."

பொறவு அந்தக் கைதி கக்கூசுக்குப் போகணும்னிருக்கா. இவ வாசல்ல நின்னிருக்கா. உள்ள பின்பக்கமா இன்னொரு கதவு. சுத்தம் பண்ணுதவங்க போறது. அது இவளுக்குத் தெரியாது. இன்னொரு ஆளு இருந்தா பின்னால போயிப் பாத்திருக்கலாம். கைதி போயிட்டா. பின் கேட்ல அவ அக்கா ஸ்கூட்டரோட நின்னிருக்கா.

பதினோரு நாள்ல பிடிச்சிட்டாங்க. ஆனா பிடிச்சா என்ன? பேச்சித்தாய்க்கு சார்ஜ் மெமோ வந்துட்டு. குத்தச்சாட்டு ஒண்ணு, கவனக்குறைவு. குத்தச்சாட்டு ரெண்டு, போன் குடுத்துத் தப்பிக்க உடந்தையா இருந்தது. வண்டிமலையானுக்குத் தனி மெமோ. அதுல கவனக்குறைவு மட்டுந்தான்.

மெமோவ எடுத்துக்கிட்டு நேரா எங்கிட்டதான் வந்தா. இப்ப நீங்க உக்காந்திருக்கீங்கல்ல, அதே இடம். கூடவே ஒரு தாளு. அச்செடுத்த போட்டோ. இந்திராணி பட்டுச்சேல கட்டிக்கிட்டு இன்ஸ்பெக்டர் வீட்டு வாசல்ல பன்னீர்ச்செம்பும் கையுமா நிக்கா. அவளே செல்போன்ல ஸ்டேட்டஸ் போட்டது, அதே தேதி, காலைல பத்து அம்பது. பேச்சித்தாய் அதப் பிடிச்சு வச்சிருந்தா.

"ஐயா, இத விசாரணையில காட்டணும். நாலு பேருன்னு எழுதிட்டு ரெண்டு பேர அனுப்பினா எப்படின்னு கேக்கணும்"ன்னா.

நான் அந்தத் தாள வாங்கி என் ஃபைல்ல வச்சிக்கிட்டேன். "இத விடு புள்ள"ன்னேன்.

ஏன் அப்படிச் சொன்னேன்னு கேப்பீங்க. சொல்லுதேன். எம்மேலயே ஒரு விசாரணை நடந்திருக்கு, தெரியுமா? தொண்ணூத்தாறுல. கருவூலக் காவல்ல நானும் இருதயராஜ்னு ஒருத்தனும். தொடர்ந்து ரெண்டு நாள் டூட்டி, மாத்தாள் வரல. உக்காந்தபடியே தூங்கிட்டோம். ரெண்டு பேருக்கும் மெமோ. அவன் விசாரணையில கேள்வி கேட்டான். மாத்தாள ஏன் அனுப்பல, யாரு அனுப்பல, அந்த ஆள் எங்க போயிருந்தான்னு நாலு பக்கத்துக்குக் கேட்டான். நான் ஒண்ணும் கேக்கல. 'ஐயா தவறு நடந்துட்டு, மன்னிக்கணும்'னு எழுதிக் குடுத்தேன். எனக்கு ஒரு வருசம் இன்கிரிமென்ட்டு கட்டு, அத்தோட போச்சு. இருதயராஜ டிஸ்மிஸ் பண்ணிட்டாங்க. அவன் பொறவு ஒரு லாட்ஜில வாட்ச்மேனா இருந்தான். எனக்கு வந்து கல்யாணப் பத்திரிக வச்சான், மவளுக்கு. நான் போகல. எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டுப் போக?

அன்னைக்குப் படிச்ச பாடம்மா அது. மேல கைய நீட்டாத. நீட்டினா கை போயிரும். நாப்பது பேர அப்படித்தான் காப்பாத்தினேன்.

பேச்சித்தாய் கேஸுக்கு விசாரணை அதிகாரியா வந்தவரு எனக்குத் தெரிஞ்சவரு. எஸ்.ஐ.யா இருக்கும்போதே எங்கூட வேலை பாத்திருக்காரு. நான் போயிப் பாத்தேன். உக்காரச் சொன்னாரு. எஸ்.எஸ்.ஐ.ய எந்த அதிகாரி உக்காரச் சொல்லுவாரு? சொன்னாரு. டீ வரவழைச்சாரு. "சின்னப் புள்ளங்கய்யா, சுடலை மவ, பாத்துச் செய்யுங்க"ன்னேன். "பாத்துக்கலாம் எபநேசர். அந்தப் பிள்ள தேவையில்லாம பேசாம இருந்தாப் போதும்"னாரு. நல்ல மனுசன். இன்னைக்கும் நல்ல மனுசன்னுதான் சொல்லுவேன்.

விசாரணை அன்னைக்கு மூணு சாட்சி. நர்ஸம்மா வந்து, கைதி வந்தா, போனான்னு சொல்லிட்டுப் போயிட்டாங்க. பொறவு இன்ஸ்பெக்டர் வந்தாரு. நாலு பேர அனுப்பினேன், ரிஜிஸ்டர் இருக்குன்னாரு. விசாரணை அதிகாரி பேச்சித்தாயப் பாத்து, "ஏதாவது கேக்கணுமா?"ன்னாரு. அவ எந்திரிச்சிட்டா. வாயத் திறந்துட்டா. நான் மேசைக்கு அடியில என் செருப்பால அவ ஷூவ ஒரு தட்டு தட்டினேன். என்னையத் திரும்பிப் பாத்தா. நான் தலைய ஆட்டினேன். வேண்டாம்னு.

"இல்லைங்கய்யா"ன்னுட்டு உக்காந்தா.

மூணாவதா இந்திராணி. நான் ஆஸ்பத்திரி வாசல்ல காவலுக்கு நின்னேன், மேல நடந்தது எனக்குத் தெரியாதுன்னா. அத அவ சொல்லும்போது தரையப் பாத்துக்கிட்டே சொன்னா. அவளும் என்ன செய்வா, அவளுக்கும் குடும்பம் இருக்கு. பேச்சித்தாயும் அவளும் ஒரே பேட்ச்சு. ஒரே ரூம்ல ட்ரெய்னிங்ல இருந்தவங்க. பேச்சித்தாய் அவளையே பாத்துக்கிட்டிருந்தா. கோவமாப் பாத்தாக்கூடப் பரவாயில்ல. என்னமோ வழி தெரியாம நிக்கிற ஆளு பாக்கிற மாதிரிப் பாத்தா. "ஏதாவது கேக்கணுமா?" இந்தத் தடவ நான் தட்ட வேண்டியதே இல்ல. அவளாவே இல்லைன்னு தலையாட்டினா.

மூணு சாட்சிக்கும் கீழ ஒரே வரி. குறுக்கு விசாரணை ஏதுமில்லை. குறுக்கு விசாரணை ஏதுமில்லை. குறுக்கு விசாரணை ஏதுமில்லை. ஒவ்வொண்ணுக்கும் கீழ அவ கையெழுத்து, பக்கத்துல என் கையெழுத்து.

வெளிய வந்ததும் அவ என்ன கேட்டா தெரியுமா? "ஐயா, கேட்டிருக்கலாமோ?"ன்னா. "நல்லா முடிஞ்சிருக்கு புள்ள, போயி சாப்பிடு"ன்னேன். எனக்கு அன்னைக்கு அவ்வளவு நிம்மதி. சத்தியமாச் சொல்லுதேன்.

ரெண்டு மாசம் கழிச்சு ஒரு புதன்கிழமை ஆர்டர் வந்துச்சு. ரெண்டு குத்தச்சாட்டும் நிரூபணம். பணியிலிருந்து நீக்கம்.

நான் விசாரணை அதிகாரிய ஓடிப்போயிப் பாத்தேன். இந்தத் தடவ நின்னுக்கிட்டேதான் பேசினேன். "எபநேசர், நான் என்ன செய்ய? கைதி தப்பினது பேப்பர்ல வந்துட்டு. யாராவது ஒரு ஆளு போகணும்னு மேல இருக்கவங்க நெனைக்காங்க. அந்தப் பிள்ள தரப்புல ஒண்ணுமே இல்லையே. நான் எதை வச்சி எழுதுவேன்?"ன்னாரு. நீங்கதான பேசாம இருக்கச் சொன்னீங்கன்னு நாக்கு வரைக்கும் வந்துச்சு. சொல்லல. சொல்லி என்ன ஆகப்போகுது?

வண்டிமலையானா? அவரு கதை வேற. அவரு துணைக்கு யாரையும் வச்சிக்கிடல. என்னையக் கூப்பிடவும் இல்ல. தனியா உக்காந்து, இன்ஸ்பெக்டரயே பாத்துக் கேட்டிருக்காரு, 'மத்த ரெண்டு பேரும் எங்க இருந்தாங்கன்னு சொல்லுங்கய்யா'ன்னு. பொண்ணுக்குச் சடங்கு எந்தத் தேதியில நடந்துச்சுன்னு கேட்டிருக்காரு. எல்லாம் எழுத்துல ஏறிட்டு. அவருக்கு ரெண்டு வருசம் இன்கிரிமென்ட்டு கட்டோட முடிஞ்சிட்டு. இன்னைக்கும் டூட்டியிலதான் இருக்காரு. அது அவரு நேரம்மா. நேரம் நல்லா இருந்தா எதைக் கேட்டாலும் தப்பிச்சிரலாம். அத வச்சி ஒரு முடிவுக்கு வரப்படாது.

பேச்சித்தாய் குவார்ட்டர்ஸ காலி பண்ணுத அன்னைக்கு நான் போயிருந்தேன். ஞாயித்துக்கெழமை, ஆராதனை முடிஞ்சி அப்படியே போனேன். வரிசையா இருவது வீடு. எல்லாரும் உள்ளதான் இருந்தாங்க, டி.வி. சத்தம் கேட்டுச்சு. ஒரு கதவு திறக்கல. அவ புருசனும் ஒரு லோடுமேனும் பீரோவ ஏத்தினாங்க. இவ சாக்கையெல்லாம் அவுத்து அவுத்துப் பாத்துக்கிட்டிருந்தா. என்னத்த புள்ள தேடுதேன்னு கேட்டேன். விசிலக் காணோம்யான்னா. தொப்பி, பெல்ட்டு, விசிலு எல்லாத்தையும் ஸ்டோர்ல திருப்பிக் குடுக்கணும், ஒண்ணு குறைஞ்சாலும் கையெழுத்துப் போட மாட்டாங்க. அரிசிப் பானைக்குள்ளகூடக் கைய விட்டுப் பாத்தா. இல்ல. நான் வீட்டுக்குப் போயி என் பழைய விசில எடுத்தாந்து குடுத்தேன். வாங்கிக்கிட்டா. "ரொம்ப நன்றிங்கய்யா"ன்னா. என்னால ஆனது அதாச்சும் செஞ்சேனேன்னு இருந்துச்சு.

பொறவு டி.ஐ.ஜி.க்கு அப்பீல். தள்ளுபடி. அதுக்குப் பொறவு மதுரை ஹைகோர்ட்டு. அங்க வக்கீல் வைக்கலாம். ஷீபான்னு ஒரு வக்கீலம்மா, சின்ன வயசு, நல்ல கூர்மை. நாங்க ரெண்டு பேரும் போனோம். நான் ஃபைலத் திறந்து ஒவ்வொண்ணா எடுத்து வச்சேன். அந்தப் போட்டோவும் வந்துச்சு. வக்கீலம்மா அத எடுத்து ரொம்ப நேரம் பாத்தாங்க. முகமே மலர்ந்துட்டு.

"இது எப்ப கெடச்சிது?"

"விசாரணைக்கு முந்தியே இருந்துச்சும்மா"ன்னேன்.

"கையில இருந்துச்சா? பொறவு ஏன் குடுக்கல?"

பேச்சித்தாய் என்னையப் பாக்கல. நானே பதில் சொல்லட்டும்னு கையக் கட்டிக்கிட்டு உக்காந்திருந்தா. "அது ஒரு தந்திரம்மா"ன்னேன். தந்திரம்! அந்த வார்த்த எங்கிருந்து வந்துச்சுன்னே தெரியல. வக்கீலம்மா போட்டோவக் கவுத்து வச்சாங்க. "சார், ஹைகோர்ட்டு திரும்ப விசாரணை நடத்தாது. அங்க நீங்க வச்சது என்ன, கேட்டது என்னன்னுதான் பாக்கும். கேக்காததுக்கு நான் இங்க நின்னு எப்படிக் கேக்க?"ன்னாங்க.

இருந்தாலும் வாதாடினாங்க, குத்தம் சொல்லப்படாது. நாங்க கடைசி பெஞ்சில இருந்தோம். நீதிபதி பொறுமையாத்தான் கேட்டாரு. ரெண்டு தடவ கேட்டாரு, "இதை விசாரணையில் சொன்னாரா?"ன்னு. ரெண்டு தடவையும் வக்கீலம்மா இல்லைன்னுதான் சொல்ல வேண்டியிருந்துச்சு. வண்டிமலையானுக்குச் சின்னத் தண்டனதானன்னாங்க. அவர் மேல உடந்தைக் குத்தச்சாட்டு இல்ல, ரெண்டும் ஒண்ணில்லன்னுட்டாரு. பொறவு ஒரு பக்கத்த எடுத்து சத்தமாப் படிச்சாரு. விசாரணை முடிவுல பேச்சித்தாய் குடுத்த வாக்குமூலம். 'கைதிக்கும் அவரது உறவினருக்கும் நான் தொடர்பு ஏற்படுத்திக் கொடுத்தேன்.' அவரே ஒப்புக்கொண்ட பிறகு நான் என்ன செய்ய முடியும்னாரு. தள்ளுபடி. எல்லாம் சேத்து பத்து நிமிசங்கூட ஆகல. அடுத்த கேஸக் கூப்பிட்டுட்டாங்க.

அவ வெளிய வந்து அங்க ஒரு வேப்பமரத்து நிழல்ல நின்னா. "ஐயா, நான் அப்படிச் சொல்லவே இல்லையே. பிள்ளைக்குக் காய்ச்சல்னு அவ அழுதா, போன் குடுத்தேன்னுதான சொன்னேன். நீங்களும் பக்கத்துல இருந்தீங்கல்ல?"ன்னா. இருந்தேன். இருந்தேன்மா. அவ சொன்னது அதுதான்.

இப்ப ஒரு ஜவுளிக்கடை வாசல்ல செக்யூரிட்டியா நிக்கா. உள்ள போற பொம்பளைங்க பைய வாங்கி வச்சிக்கிட்டு டோக்கன் குடுக்கா. அந்தத் தெரு வழியா நான் போறதில்ல. மார்க்கெட்டுக்கு அதுதான் குறுக்கு வழி, இருந்தாலும் சுத்திப் போறேன்.

இதான்மா நடந்தது. இப்ப உங்க மெமோவக் குடுங்க. ம். விளக்கம் குடுக்க பதினஞ்சு நாள். தேதி... பதிமூணு நாள் ஓடிட்டே! வாய்மொழியாத்தான் உத்தரவு போட்டாங்களா? எவன் எழுத்துல குடுப்பான். விசாரணை அதிகாரி யாரு? அட, இவரா. இவரு தங்கமான மனுசனாச்சே. நான் நாளைக்குக் காலையில போயி ஒரு வார்த்த சொல்லிட்டு வந்துடுதேன். உங்க வீட்டுக்காரருகிட்ட மட்டும் கொஞ்சம் அமைதியா இருக்கச் சொல்லுங்க, என்ன...

என்னம்மா எந்திரிச்சிட்டீங்க? மெமோவ ஏன் மடிக்கிறீங்க? நான் இன்னும் விளக்கத்துக்கு என்ன எழுதணும்னே சொல்லலியே. அவரு தனியாவே உக்காந்துக்கிடுவாரா? தனியாவா? உள்ள போயி அவங்க முன்னால நின்னா நாக்கு ஒட்டிக்கிடும்மா. உங்களுக்குத் தெரியாது. துணைக்கு ஒரு ஆளு வேணும்.

சரி. உங்க இஷ்டம். நான் தடுக்கல.

ஒரு நிமிசம். ஒரே நிமிசம் நில்லுங்க. அவருகிட்ட இத மட்டும் சொல்லுங்க. கடைசியில வாக்குமூலம்னு நாலு பக்கம் அடிச்சி நீட்டுவாங்க. சாயங்காலம் ஆயிருக்கும், அதிகாரிக்கு வேற மீட்டிங் இருக்கும், போடுங்க போடுங்கம்பாங்க. வரி விடாமப் படிச்சிப் பாத்துட்டுக் கையெழுத்துப் போடச் சொல்லுங்க. ஒரு வார்த்த மாறியிருந்தாலும் போடக்கூடாது.

பேச்சித்தாய் படிச்சிக்கிடுதேன்யான்னுதான் சொன்னா. நாந்தான் தாள வாங்கி, மேலோட்டமாப் பொரட்டிட்டு, எல்லாம் சரியா இருக்கு, போடு புள்ளன்னேன்.

நான் படிக்கலம்மா.